ஃபோர்டு கம்பெனியின் ரோட்டுப் படங்கள்

நெடுஞ்சாலைத் துறையில் ஜல்லியோடும் தாரோடும் காலம் தள்ளியவன் நான். ஃபோர்டு கம்பெனியின் பழைய ஊமைப் படங்களைப் போட்டால் என் கண் காரில் நிற்காது. அதன் அடியில் கிடக்கும் ரோட்டுக்குத்தான் போகும்.

ஹென்றி ஃபோர்டு 1914இல் கம்பெனிக்குள்ளேயே ஒரு படப்பிரிவு தொடங்கினார். தியேட்டர்களுக்கு முதலில் இலவசமாகவே படம் கொடுத்தார்கள். பார்ப்பதற்குப் பாடம் மாதிரி இருக்கும், உள்ளே வியாபாரம். சக்கரம் சேற்றில் புதைகிற ஊரில் கார் யார் வாங்குவார்? டெட்ராய்ட்டை உள்ளடக்கிய வெய்ன் கவுண்டிக்கு 1906இல் சாலை வாரியம் அமைந்தபோது முதல் மூன்று உறுப்பினர்களில் ஃபோர்டும் ஒருவர். அந்த வாரியம் 1909இல் உட்வர்ட் அவென்யூவில் ஒரு மைலுக்குக் காங்கிரீட் போட்டது. வெளியூர் எஞ்சினியர்கள் வந்து பார்த்துவிட்டுப் போனார்கள். 1924இல் ஃபோர்டு கம்பெனியார் அமெரிக்க மத்திய அரசின் சாலைத் துறையோடு சேர்ந்து 'தி ரோடு டு ஹேப்பினஸ்' என்று நல்ல ரோட்டுக்காக ஒரு படமே எடுத்தார்கள்.

ரோட்டுக்குப் போன காமிரா காட்டுக்கும் போனது. மாடல் டி காரின் தகட்டுக்குள் இருந்தது மரச்சட்டம். அதற்காக 1920இல் மிச்சிகனின் வடக்கே 3 லட்சம் ஏக்கருக்கு மேல் காடு வாங்கி, அயர்ன் மவுண்டன் ஊரில் மர அறுப்பு மில் வைத்தார் ஃபோர்டு. மிஞ்சிய மரத்தையும் விடவில்லை, அடுப்புக்கரிக் கட்டியாக்கி விற்றார்.

அந்தப் பக்கத்துக் காட்டு ரோடுதான் எனக்கு வியப்பு. குளிர்காலத்தில் தொட்டி வண்டியில் தண்ணீர் கொண்டுபோய் ராத்திரி தடத்தில் ஊற்றுவார்கள். விடிவதற்குள் உறைந்து பாளமாகிவிடும். ஆளுயரத்துக்கு மேல் மரத்தடி அடுக்கிய சறுக்கு வண்டியைக் குதிரைகள் அதன்மேல் இழுத்துப் போகும். இறக்கத்தில் வண்டி குதிரைமேல் பாயாமலிருக்க வைக்கோலோ மணலோ தூவ ஒரு ஆள் நிற்க வேண்டும். எங்கள் துறையில் ரோட்டில் தண்ணீர் நின்றால் மெமோ!

கம்பெனி தன் காசில் எடுத்த படத்தில் கூலித் தகராறைத் தேடுவது வீண். 1932இல் படப்பிரிவை மூடிவிட்டார்கள். 1963இல் சுமார் 15 லட்சம் அடிச் சுருள் அமெரிக்கத் தேசிய ஆவணக் காப்பகத்துக்குப் போனது. விளம்பரம்தானே என்று ஒதுக்குபவர்கள் ஒதுக்கட்டும். ஆள் எப்படி நின்றான், மண்வெட்டியை எப்படிப் பிடித்தான் என்பது அந்தச் சுருள்களில் இருக்கிறது. எம்-புக் என்ற எங்கள் அளவுப் பதிவேட்டில் நாங்கள் எழுதியது நீளம், அகலம், கனம் மட்டும்தான்.