சோழர் அவைக்குப் பொருளளித்தோர்: வணிகர், கம்மாளர், சேரி

சோழ அரண்மனையின் ஓலைக் கணக்குகள் நமக்கு எஞ்சவில்லை. எஞ்சியவை கோயிற் கற்களே. முதலாம் இராசராசன் தஞ்சைப் பெரிய கோயிலுக்குத் தன் பண்டாரத்திலிருந்து அளித்த அணிகலன்களை அங்குள்ள கல்வெட்டுகள் ஒவ்வொன்றாகப் பட்டியலிடுகின்றன. ஆகவே, அரசவைக்கு எத்தகைய பொருள்கள் வந்து சேர்ந்தன என்பதை அறிய அவற்றையே நாம் நாடவேண்டியுள்ளது.

அக்கணக்கின் நுட்பம் வியப்பூட்டுவது. பொன் 'ஆடவல்லான்' என்னும் கல்லாலும், மணிகள் 'தட்சிணமேருவிடங்கன்' என்னும் கல்லாலும் கழஞ்சு, மஞ்சாடி, குன்றி வரை நிறுக்கப்பட்டன. முத்துகளில் வட்டம், அனுவட்டம், ஒப்புமுத்து, குறுமுத்து, கறடு, சப்பத்தி எனத் தரத்துக்கொரு பெயர் உண்டு. நகையை அளித்தவரின் பெயரும் உண்டு. கடலில் மூழ்கி முத்தெடுத்தவரும் அதைப் பொன்னில் பதித்த தட்டாரும் அப்பட்டியலில் இல்லை. விதிவிலக்குகள் இருந்தன. குஞ்சரமல்லன் என்னும் தச்சர் 'இராசராசப் பெருந்தச்சன்' என்ற பட்டத்துடன் கல்லில் இடம்பெற்றார். ஆனால் அரசன் பெயரைப் பட்டமாகப் பெற்ற ஒருவரைக் கொண்டு ஒரு தொழிற்குலம் முழுவதும் மதிக்கப்பட்டதாகக் கூறுவோரை நாம் ஏற்பதற்கில்லை.

வணிகர் நிலை வேறு. ஐந்நூற்றுவர், மணிக்கிராமம், அஞ்சுவண்ணம் ஆகிய குழுக்கள் தமக்கெனப் படைவீரரையும் கொண்டிருந்தன. சுமத்திராவின் பாரூசில் கிடைத்த 1088ஆம் ஆண்டுத் தமிழ்க் கல்வெட்டு ஐந்நூற்றுவரைக் குறிப்பிடுகிறது. 1077இல் 72 பேர் கொண்ட சோழத் தூதுக்குழு கருப்பூரம், தந்தம், பன்னீர், கிராம்பு முதலியவற்றுடன் சீன அரசவையை அடைந்து 81,800 சரம் செப்புக்காசு பெற்றது. தூதும் வணிகமும் அன்று பிரிந்திருக்கவில்லை. முதலாம் குலோத்துங்கன் 'சுங்கம் தவிர்த்த சோழன்' என்று புகழப்பட்டான். கைவினைஞர்மீது தறியிறை, தட்டார்ப்பாட்டம் எனத் தொழில்வாரியாக வரி இருந்ததைச் சோழர் காலக் கல்வெட்டுகளே காட்டுகின்றன.

அக்கைவினைஞர் எங்கே வாழ்ந்தனர்? பெரிய கோயிலுக்கு வருவாய் தந்த ஊர்களின் நிலக்கணக்கு இதற்கு விடை தருகிறது. வரி விதிக்கப்படாத நிலங்களாக ஊர்நத்தம், குளம், வாய்க்கால், சுடுகாடு ஆகியவற்றுடன் கம்மாணச்சேரியும் பறைச்சேரியும் அதில் எண்ணப்படுகின்றன. கம்மாணச்சேரி என்பது கம்மாளர் குடியிருப்பு. 'தீண்டாச்சேரி' என்ற சொல்லும் அங்கே உண்டு. பறையருக்கெனத் தனிச் சுடுகாடும் உண்டு. 'இறையிலி' என்றதும் இதைச் சலுகையெனக் கருதிவிடலாகாது. விளைச்சல் தராத நிலம் என்பதே இங்கு அளவுகோல். குளத்துக்கு விலக்களித்த அதே காரணம்தான் சேரிக்கும். தீண்டாமை பிற்காலத்தில் அயலார் புகுத்தியது என வாதிடுவோர் இராசராசனின் இக்கற்களை ஒருமுறை படிப்பது நலம்.

இன்னொரு ஆவணம் சட்டம் பயில்வோருக்கு இன்றியமையாதது. 'கோனேரின்மைகொண்டான்' என்ற பட்டப்பெயரில் வெளியான அரசாணை ஒன்று கொங்கு நாட்டுக் கல்வெட்டுகளில் உள்ளது. 15ஆம் ஆட்சியாண்டின் ஆடி மாதம் முதல் கம்மாளர் தம் நன்மை தீமைகளில் இரட்டைச் சங்கு ஊதலாம், பேரிகை கொட்டலாம். வெளியே செல்கையில் செருப்பணியலாம். வீட்டுக்குச் சுண்ணச்சாந்து பூசலாம் என்கிறது அது. அனுமதிப் பட்டியலைத் தலைகீழாகப் படித்தால் தடைப் பட்டியல் கிடைக்கும். கோயிலையும் அரண்மனையையும் கட்டிய குலத்தவர் தம் சுவருக்குச் சாந்து பூச அரசன் ஓலை வேண்டியிருந்தது. அவ்வோலையும் ஒரு குலத்துக்கு மட்டுமே விலக்களித்தது. பறைச்சேரியில் வாழ்ந்தோரை அது குறிப்பிடவேயில்லை. கம்மாளர் இன்று பட்டியல் சாதியினர் அல்லர் என்பதையும் இங்கே நினைவிற்கொள்க.

அரசமைப்பின் 17ஆம் உறுப்பு தீண்டாமையைக் குலவேறுபாடின்றி ஒழித்தது. எனினும், 1989ஆம் ஆண்டு வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தில் 2015இல் கொண்டுவந்த திருத்தம், பட்டியல் சாதி, பழங்குடியினர் பொது இடத்தில் செருப்பணிவதையும் திருமண ஊர்வலம் செல்வதையும் தடுப்பதைத் தனிக் குற்றமாகப் பெயர் சொல்லிச் சேர்க்க வேண்டியிருந்தது. 2016 சனவரி 26 முதல் அது நடைமுறையில் உள்ளது. செருப்பைக் கழற்றச் சொன்னார்கள் என்று புகார் எழுதும்போது பிரிவு 3(1)-இன் அந்த உட்பிரிவைக் குறிப்பிடத் தோழர்கள் தவறக்கூடாது.