பேராயரும் வாக்குப் பெட்டியும்: 1928இல் வர்ஜீனியா

பிரசங்க பீடத்தின் குரல் ஒரு நாட்டின் தேர்தலில் எவ்வளவு தூரம் செல்லலாம் என்னும் வினா, திருப்பணியாளர் கூடுமிடங்களில் அடிக்கடி எழுவதாகும். இதற்குக் கோட்பாட்டளவில் விடை கூறுவதைவிட, வரலாற்றில் இவ்வினா நேரில் எதிர்ப்பட்ட ஓரிடத்தை ஆராய்வது அதிகப் பயனுடையது. அத்தகைய ஓரிடம் அமெரிக்க ஐக்கிய நாடுகளின் வர்ஜீனியா மாநிலம். 1928ஆம் ஆண்டு ஜனாதிபதித் தேர்தலில் அம்மாநிலம் வாக்களித்த விதத்தை இங்கு நாம் சுருக்கமாகக் காண்போம்.

1. சமயச் சுதந்தரம் பிறந்த மண்

குடியேற்ற நாட்களில் வர்ஜீனியாவில் ஆங்கிலிக்கன் திருச்சபையே அரசின் சபையாக இருந்தது. பதினேழாம் நூற்றாண்டில் குவேக்கர்களை ஒடுக்கச் சட்டம் இயற்றப்பட்டது. விடுதலைப் போருக்குச் சற்று முந்திய ஆண்டுகளில், உரிமம் பெறாமல் பிரசங்கித்த பாப்திஸ்து போதகர்கள் சிறையிலடைக்கப்பட்டனர். இத்துன்பங்களின் பின்னணியில்தான் தாமஸ் ஜெபர்சன் 1777இல் சமயச் சுதந்தரச் சட்டத்தை வரைந்தார். ஜேம்ஸ் மாடிசனின் முயற்சியாலும், பாப்திஸ்துகளும் பிரெஸ்பிட்டேரியரும் அளித்த விண்ணப்பங்களின் வலிமையாலும் அது 1786இல் நிறைவேறியது. அடுத்த ஆண்டு உருவான அமெரிக்க அரசியலமைப்பின் ஆறாம் பிரிவு, அரசுப் பதவி வகிப்பவருக்குச் சமயச் சோதனை எதுவும் கூடாது என விதித்தது. துன்புற்ற சீர்திருத்த சபைகளே இச்சுதந்தரத்தைக் கேட்டுப் பெற்றன என்பதை நாம் நினைவிற்கொள்ள வேண்டும்.

2. வேட்பாளரும் அவரைப் பற்றிய ஐயமும்

1928 ஜூன் மாதம் ஹூஸ்டன் நகரில் கூடிய ஜனநாயகக் கட்சி மாநாடு, நியூயார்க் மாநில ஆளுநர் ஆல்பிரட் ஸ்மித்தை ஜனாதிபதி வேட்பாளராகத் தெரிந்துகொண்டது. இரு பெருங்கட்சிகளுள் ஒன்று ஒரு ரோமன் கத்தோலிக்கரை அப்பதவிக்கு நிறுத்தியது அதுவே முதல் முறை. முந்திய ஆண்டிலேயே சார்லஸ் மார்ஷல் என்னும் வழக்கறிஞர், கத்தோலிக்கர் ஒருவரின் சபைப்பற்று அரசியலமைப்போடு முரண்படாதா என வெளிப்படையான கடிதமொன்றில் வினவியிருந்தார். மனச்சாட்சியின் சுதந்தரத்தையும், அரசும் சபையும் தனித்தனியே இயங்குவதையும் தாம் முழுமையாக ஏற்பதாக ஸ்மித் விடையளித்தார்.

சமயம் ஒன்றே சிக்கலாக இருக்கவில்லை. நாடெங்கும் மதுவிலக்கு 1920 முதல் நடைமுறையிலிருந்தது. அச்சட்டம் மாற்றப்பட வேண்டும் என்பது ஸ்மித்தின் கருத்து. வேட்புமனுவை ஏற்று மாநாட்டிற்கு அனுப்பிய தந்தியிலேயே அதனை அவர் தெளிவாக்கினார். குடியரசுக் கட்சியின் வேட்பாளர் ஹெர்பர்ட் ஹூவர் குவேக்கர் குடும்பத்தில் பிறந்தவர், மதுவிலக்கை ஆதரித்தவர்.

3. பேராயர் கேனன்

தென் மெதடிஸ்ட் எப்பிஸ்கோப்பல் சபையின் பேராயர் ஜேம்ஸ் கேனன் வர்ஜீனியாவில் பெருஞ்செல்வாக்குப் பெற்றிருந்தார். அம்மாநிலம் 1914இல் பொது வாக்கெடுப்பின் மூலம் மதுவிலக்கைத் தெரிந்துகொண்டதற்கு அவருடைய உழைப்பு முக்கிய காரணம். மதுவால் குடும்பங்கள் அழிவதைக் கண்ட ஒரு தலைமுறையின் நேர்மையான அறச்சினம் அவரிடம் இருந்தது என்பதை நாம் மறுக்க இயலாது.

1928 ஜூலையில் அவரும் பாப்திஸ்து தலைவரான ஆர்தர் பார்ட்டனும் ஸ்மித்தை எதிர்க்கும் ஜனநாயகக் கட்சியினரை ஆஷ்வில் நகரில் கூட்டினர். மதுவிலக்கே தம் எதிர்ப்பிற்கு முதற்காரணம் என்று கேனன் கூறினார். ஆனால் பிரசாரம் வளர வளர, ரோமைப் பற்றிய அச்சமும் அவருடைய பேச்சுகளிலும் துண்டுப் பிரசுரங்களிலும் இடம்பெற்றது. எது அறநெறிக் காரணம், எது சமயப் பகை என்று கேட்போர் பிரித்தறிய முடியாதவாறு இரண்டும் கலந்தன.

சபைக்குள் மாற்றுக் குரலும் இல்லாமலில்லை. திருப்பணியாளர் கட்சி அரசியலில் இறங்கலாகாது என்று அதே சபையின் மூத்த பேராயர் வாரன் கேண்ட்லர் கருதினார். வர்ஜீனியாவின் செனட்டர் கார்ட்டர் கிளாஸ் ஒரு மெதடிஸ்ட்; மதுவிலக்கின் ஆதரவாளர்; எனினும் ஸ்மித்துக்காக வாக்குக் கேட்டார்.

4. எண்கள் உரைப்பன

வர்ஜீனியா 1876 முதல் எல்லா ஜனாதிபதித் தேர்தல்களிலும் ஜனநாயகக் கட்சிக்கே வாக்களித்து வந்தது. 1928 நவம்பர் 6ஆம் நாள் அவ்வழக்கம் முறிந்தது. ஹூவர் ஏறத்தாழ 1,64,600 வாக்குகளும் (நூற்றுக்கு 54), ஸ்மித் ஏறத்தாழ 1,40,100 வாக்குகளும் (நூற்றுக்கு 46) பெற்றனர்.

இவ்வெண்களை 1924ஆம் ஆண்டு எண்களோடு ஒப்பிடுவது பயன்தரும். அவ்வாண்டு ஜனநாயகக் கட்சி பெற்றது ஏறத்தாழ 1,39,700. குடியரசுக் கட்சி பெற்றது 73,300. அதாவது, ஸ்மித் தம் கட்சியின் பழைய எண்ணிக்கையை இழக்கவில்லை. எதிர்த்தரப்பின் எண்ணிக்கையே இரு மடங்கிற்கு மேல் பெருகியது. வழக்கமாக வாக்களிக்காத பலர் இம்முறை வாக்களித்தனர் என்பது இதனால் புலனாகிறது.

இதற்குச் சமயம் மட்டுமே காரணம் எனல் பொருந்தாது. அன்றைய பொருளாதாரச் செழிப்பும், மதுவிலக்கும், பெருநகர் மீது நாட்டுப்புறத்தார் கொண்ட ஐயமும் ஹூவருக்குத் துணைநின்றன. மேலும், சீர்திருத்த சபையார் மிகுந்த அலபாமா, ஜார்ஜியா, மிசிசிப்பி, தென் கரோலினா ஆகியவை ஸ்மித்துக்கே வாக்களித்தன. வெள்ளையர் ஆதிக்கத்தைக் காக்கும் கட்சி எனக் கருதப்பட்டதை விட்டு விலக அங்குள்ளோர் அஞ்சினர்.

இவ்விடத்தில் மற்றோர் உண்மையையும் கூற வேண்டும். 1930ஆம் ஆண்டுக் கணக்கின்படி வர்ஜீனியாவின் மக்கள் தொகை 24 இலட்சத்திற்கு மேல். வாக்களித்தோர் மூன்று இலட்சத்தைச் சிறிதே கடந்தனர். 1902ஆம் ஆண்டு மாநில அரசியலமைப்பு விதித்த தலைவரி இதற்கு ஒரு முக்கிய காரணம். ஆண்டிற்கு ஒன்றரை டாலர் வீதம் மூன்றாண்டு வரியைத் தேர்தலுக்கு ஆறு மாதம் முன்னரே செலுத்தியவருக்கே பொதுவாக வாக்குரிமை. மக்களில் நான்கில் ஒரு பங்கிற்கு மேலிருந்த கறுப்பினத்தாரை விலக்குவதே அதன் நோக்கம். ஏழை வெள்ளையர் பலரும் விலக்குண்டனர். அதனை உருவாக்கியோரில் முதன்மையானவர் முன்பு கூறிய கார்ட்டர் கிளாஸ். ஸ்மித்துக்காகப் பேசியவர்களும் சரி, எதிர்த்தவர்களும் சரி, தென்னகமெங்கும் எதிரணி கறுப்பினத்தாருக்குச் சலுகை காட்டுவதாகக் குற்றஞ்சாட்டினர். ரோமின் ஆதிக்கம் வருமோ என்று அஞ்சிய அதே வேளையில், தம்மோடு ஒரே கிறிஸ்துவை அறிக்கையிட்ட மெதடிஸ்ட், பாப்திஸ்து விசுவாசிகளான பல்லாயிரவர் வாக்குச்சாவடிக்கு வெளியே நிறுத்தப்பட்டிருந்தனர்.

5. வெற்றிக்குப் பின்

பேராயரின் வெற்றி நெடுநாள் நிற்கவில்லை. 1929ஆம் ஆண்டிலேயே அவர் பங்குச் சந்தையில் ஊக வாணிகம் செய்தது வெளிப்பட்டது. அவ்வாண்டு நவம்பரில், ஆளுநர் தேர்தலில் அவர் ஆதரித்த வேட்பாளர் பெருந்தோல்வி கண்டார். 1928ஆம் ஆண்டுப் பிரசார நிதியைக் குறித்து அவர்மீது தொடரப்பட்ட வழக்கில் 1934இல் அவர் குற்றமற்றவர் எனத் தீர்ப்பாயிற்று. ஆயினும் பழைய செல்வாக்கு மீளவில்லை. 1932இல் வர்ஜீனியா பெரும்பான்மையுடன் ஜனநாயகக் கட்சிக்குத் திரும்பியது. 1933 அக்டோபரில் அதே வாக்காளர்கள் மதுவிலக்கை நீக்கவும் வாக்களித்தனர். கூட்டரசுத் தேர்தல்களுக்குத் தலைவரி 1964இல்தான் ஒழிந்தது; மாநிலத் தேர்தல்களுக்கு, வர்ஜீனியாவிலிருந்து எழுந்த வழக்கொன்றில் 1966இல் உச்ச நீதிமன்றம் அதனை நீக்கியது.

6. நாம் கற்பன

திருப்பணியாளர் பொதுவாழ்வின் அறநெறி வினாக்களைக் குறித்து வாய்மூடி இருக்க வேண்டும் என்று இவ்வரலாறு கற்பிப்பதாக நாம் கருதவில்லை. மதுவின் கேட்டைக் குறித்துக் கேனன் பேசியது அவருடைய கடமை. ஆனால் வேட்பாளரின் கொள்கையை எதிர்ப்பது வேறு. அவருடைய விசுவாசத்தைக் குற்றமாக்குவது வேறு. முன்னது குடிமக்களின் உரிமை. பின்னது ஒன்பதாம் கற்பனையின் எல்லையைத் தொடுவது. சிறையிலிருந்து சமயச் சுதந்தரம் கேட்ட போதகர்களின் வழித்தோன்றல்கள், பெரும்பான்மையானபோது அச்சுதந்தரத்தை அயலானுக்கு அளிக்கத் தயங்கினர்.

மேலும், ஒரு தேர்தலில் சபை எதைக் குறித்துப் பேசியது என்று மட்டுமன்றி, எதைக் குறித்துப் பேசவில்லை என்றும் நாம் கேட்க வேண்டும். வர்ஜீனியாவின் பிரசங்க பீடங்கள் 1928இல் ஒரு மாநிலத்தின் முடிவை மாற்றும் வலிமை பெற்றிருந்தன. வாக்குரிமை மறுக்கப்பட்ட சகோதரருக்காக அவ்வலிமை பயன்படவில்லை. இதனைத் திருப்பணியாளரும் இறையியல் மாணவரும் தங்கள் சூழலில் வைத்துச் சிந்திப்பது நலம்.