கடலைத் தொலைத்த ஆறு

ஆற்றைக் கண்டு கும்பிடுவது ஒரு மடமை. ஆற்றை அடிமையெனக் கருதி ஆட்டிப்படைப்பது மற்றொரு மடமை. முன்னதைப் பற்றி நாம் மேடைதோறும் பேசுகிறோம். பின்னதையும் அறிந்திடவேண்டாமா? வாருங்கள் தோழர்களே, மத்திய ஆசியாவின் சிர் தாரியா ஆற்றங்கரைக்குச் சென்று வருவோம்!

தியான்சான் மலைப்பனி உருகிப் பிறக்கும் நாரின், காரா தாரியா என்னும் ஆறுகள் இரண்டும் பெர்கானாப் பள்ளத்தாக்கில் கூடுகின்றன. அவ்விடத்திலிருந்து சிர் தாரியா என்று பெயர். அங்கிருந்து ஏறத்தாழ 2,200 கிலோமீட்டர் ஓடி ஆரல் கடலின் வடபகுதியை அடைகிறது. கசாக்ஸ்தானில் அது கடக்கும் கீழ்ப்பகுதி, ஆண்டு மழை 200 மில்லிமீட்டரைக்கூட எட்டாத வறண்ட புல்வெளி. தென்புறமோ கிசில்கூம் மணற்பாலை. வானம் கைவிட்ட மண்ணுக்கு மலை அனுப்பும் நீரே வாழ்வு!

கி.மு. 329இல் அலெக்சாந்தர் இக்கரையில், இன்றைய குஜந்த் அருகே, ஒரு நகரம் கண்டான். பிற்கால அரபு நூலோர் இதனைச் சைஹூன் என்றழைத்து, சுவர்க்கத்து ஆறுகளோடு சேர்த்தனர். சுவர்க்கமா விளைத்தது? இல்லை, கால்வாய் வெட்டிய உழவனின் கரமே விளைத்தது! ஆரிஸ் ஆறு வந்து கலக்குமிடத்தருகே ஒத்ரார் நகரம் தழைத்தது. தத்துவப் பேரறிஞர் அல் பராபி பிறந்தது அந்த வட்டாரத்திலேதான் என்பர். 1219இல் முற்றுகையிடத் தொடங்கிய செங்கிஸ்கானின் படை, பின்னர் அந்நகரைச் சூறையாடியது. மீண்டும் எழுந்த நகரம், பின்னாளில் கைவிடப்பட்டு மண்மேடாயிற்று.

இருபதாம் நூற்றாண்டு வந்தது. இதே ஆற்றங்கரையில், பைக்கானூர் ஏவுதளத்திலிருந்து, 1957இல் முதல் செயற்கைக்கோள் பறந்தது. 1961இல் ககாரின் விண்ணேறினார். மனித அறிவின் மாண்பு கண்டு உலகம் வியந்தது.

அதே ஆண்டுகளில், அதே அரசு, பருத்தி எனும் "வெள்ளைத் தங்கம்" வேண்டி, சிர் தாரியாவையும் அதன் தோழியான அமு தாரியாவையும் கால்வாய்களிலே திருப்பிற்று. பசிப் புல்வெளி என்று பெயர்பெற்ற நிலம் பச்சைப் பசேலெனப் பூத்தது. ஆனால், 1960இல் ஏறத்தாழ 68,000 சதுர கிலோமீட்டர் பரந்து, உலக ஏரிகளில் நான்காவதாக விளங்கிய ஆரல் கடல் வற்றலாயிற்று. 1987இல் அது இரண்டாகப் பிளந்தது. ஆரல்ஸ்க் துறைமுகத்தைவிட்டுக் கடல் அகன்றது. கப்பல்கள் மணலில் கிடந்தன. மீனவர் பிழைப்பிழந்தனர். உப்பும் பூச்சிமருந்தும் கலந்த புழுதியை மக்கள் சுவாசித்தனர்.

கடல் சுருங்கும் என்பது திட்டம் தீட்டியோர் அறியாததன்று. அறிந்தே செய்தனர்! ஏன் என்று உரக்கக் கேட்கும் உரிமை மக்களுக்கில்லை. விஞ்ஞானம் அங்கே குறைவுபடவில்லை, வினாதான் குறைவுபட்டது.

வினா எழுந்தபின் வழியும் பிறந்தது. 2005இல் கோக்காரல் அணை கட்டிமுடிக்கப்பட்டது. சிர் தாரியாவின் நீர் தேங்கி, வடகடல் உயர்ந்தது, உப்பு குறைந்தது, மீன் திரும்பிற்று. தென்கடலின் பெரும்பகுதியோ பாலையாகிவிட்டது.

கேள்வி கேட்கலாகாது என்று சொல்லும்போது, கோயிலுக்கும் திட்ட அலுவலகத்துக்கும் வேற்றுமை ஏது? அணை என்றும் கால்வாய் என்றும் எவர் வந்து நம்மிடம் வாக்களித்தாலும், கைதட்டுமுன் ஒன்றைக் கேட்போம்: கடைமடையில் இருப்பவன் கதி என்ன?