புதிய காற்றுக்கும் ஐம்பது வயசு

2025 ஆகஸ்ட் 14. ரஜினியின் 'கூலி' வெளியான நாள். அவர் சினிமாவுக்கு வந்து 50 வருசம் என்ற கொண்டாட்டமும் கூடவே சேர்ந்துகொண்டது. பசறை, ஹாலிஎல, பண்டாரவளைப் பக்கத்து நம்ம பசங்களின் வாட்ஸ்அப் ஸ்டேட்டஸ் முழுக்க அன்றைக்கு அதுதான். என்னுடையதும் அதுதான். நம் பூட்டன் பூட்டிமாரைப் பெயர் சொல்லிக் கூப்பிடாமல் வெள்ளைக்காரத் துரைமார் கூப்பிட்ட சொல் அது. அதே சொல்லை ஸ்டேட்டஸில் போட்டு விசிலடித்தோம். அதில் தப்பொன்றும் இல்லை. ஆனால் அந்த வாரம் ஒரு கேள்வி மனசுக்குள் ஒட்டிக்கொண்டது: 1975இல் வந்த வேற எந்தப் படங்களுக்கெல்லாம் ஐம்பது வயசு?

ரஜினி முதலில் முகம் காட்டிய பாலசந்தரின் 'அபூர்வ ராகங்கள்' அந்த வருசம் வந்தது. இந்தியில் 'ஷோலே', 1975 ஆகஸ்ட் 15. அவசரகாலச் சட்ட நேரம் என்பதால் தணிக்கைக்காக ஷோலேயின் முடிவை அன்றைக்கு மாற்றவேண்டி வந்தது. அரை நூற்றாண்டு கழித்து, பழைய சுருள்களைத் தேடியெடுத்து, கீறல்களை நீக்கி, முதலில் எடுத்த முடிவையே சேர்த்து 2025 ஜூனில் இத்தாலியின் பொலோக்னா நகரில் திரையிட்டார்கள்.

அந்தப் பட்டியலில் மூன்றாவதாக ஒரு பெயர் இருக்கிறது: 'புதிய காற்று'. எஸ். ராமநாதன் இயக்கியது. தயாரித்து, கதாநாயகனாகவும் நடித்தவர் வி. பி. கணேசன். தொழிற்சங்கவாதி. இன்றைய வாசகர்களுக்கு மனோ கணேசனின் அப்பா என்றால் சட்டென்று விளங்கும். தோட்டத் தொழிலாளர் வாழ்க்கையைக் களமாக வைத்து, இலங்கையில், இலங்கைத் தமிழர் எடுத்த படம். பிறகு அவரே 'நான் உங்கள் தோழன்' (1978), 'நாடு போற்ற வாழ்க' (1981) என்று இன்னும் இரண்டு படம் எடுத்தார்.

இதற்கு முன்னாலும் மலையகம் திரையில் வந்திருக்கிறது. கிருஷ்ணகுமாரின் 'தோட்டக்காரி' 1963இல் வந்தது. 35 மில்லிமீற்றரில் எடுத்த முதலாவது இலங்கைத் தமிழ்ப் படம் அதுதான். 2023இல் 'மலையகம் 200' என்று தலைமன்னாரிலிருந்து மாத்தளை வரைக்கும் நடந்தோமே, அந்த வருசம் தோட்டக்காரிக்கும் 60 வயசு. எங்கள் கூட்டத்தில் யாருக்கும் அது ஞாபகம் வரவில்லை.

புதிய காற்று வந்த 1975ஐக் கொஞ்சம் நினைத்துப் பாருங்கள். 1973–74 பஞ்சத்தில் தோட்டங்களில் சனம் பட்டினியால் செத்து அதிக காலம் ஆகவில்லை. அதே 1975இல்தான் காணிச் சீர்திருத்தத் திருத்தச் சட்டத்தின் கீழ் கம்பனித் தோட்டங்கள் அரசுடைமையாகின. வெள்ளைக்காரத் துரை போனார், வேற துரை வந்தார், லயம் அப்படியே இருந்தது. 1948 பிரஜாவுரிமைச் சட்டம் பறித்த உரிமை நிறையப் பேருக்கு அப்பவும் திரும்பி வரவில்லை. ஓட்டுப் போட முடியாத மனுசனும் காசு கொடுத்தால் தியேட்டருக்குள் உட்காரலாம். திரையில் தன்னைப் போன்ற ஒரு தொழிலாளியைப் பார்க்கலாம். அது சின்ன விசயமில்லை.

ஆனால் அப்படி உட்கார்ந்த ஆட்களே ஊரில் தங்கவில்லை. 1964 சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தம் 5,25,000 பேரை இந்தியாவுக்கு என்றும் 3,00,000 பேரை இலங்கைக்கு என்றும் பிரித்தது. மிச்சமிருந்த 1,50,000 பேரை 1974இல் இரு நாடுகளும் பாதிப் பாதியாகப் பங்கு போட்டன. மலைநாட்டு ரயில் பாதை முடியும் இடம் பதுளை. ஊவாத் தோட்டத்துச் சனத்துக்குப் பயணம் தொடங்கும் இடமும் அதுதான். அங்கிருந்து தலைமன்னார், தலைமன்னாரிலிருந்து கப்பலில் இராமேஸ்வரம். அந்தக் கோச்சிக்கு நம்ம ஆட்கள் வைத்த பேர் ஒப்பாரிக் கோச்சி. ஸ்டேசனில் நின்றவர்களும் அழுதார்கள், ஏறினவர்களும் அழுதார்கள்.

எங்க அம்மாயிகிட்ட புதிய காற்று பார்த்தீங்களான்னு கேட்டேன். கொஞ்ச நேரம் யோசிச்சாங்க.

"பாத்தேன். கதை ஒண்ணும் நெனப்பு இல்ல. கூட வந்த புள்ளைங்கதான் நெனப்புல இருக்கு. அஞ்சு பேரு போனோம். அடுத்த வருசத்துக்குள்ள மூணு பேரு கப்பல் ஏறிட்டாங்க."

ஒரு படத்தின் ஐம்பதாவது வருசம் தானாக வந்துவிடாது. யாராவது பிரதியைப் பத்திரமாக வைத்திருக்கணும். பார்த்தவர்கள் ஒன்றாக இருந்து அதைப் பேசிக்கொண்டே இருக்கணும். நமக்கு இரண்டுமே கலைந்துபோனது. 1983 ஜூலை கலவரத்தில் கே. குணரத்தினத்தின் ஹெந்தளை விஜயா ஸ்டூடியோவுக்குத் தீ வைத்தார்கள். தமிழ், சிங்களம் என்று பார்க்காமல் படச்சுருள்கள் எரிந்தன. இயக்குநர் கே. வெங்கட் அந்தக் கலவரத்தில் கொல்லப்பட்டார். புதிய காற்றைப் பார்க்கலாம் என்று நானும் நண்பர்களும் இணையத்திலும் தெரிந்தவர்களிடமும் தேடினோம். ஒரு பிரதியும் கைக்கு வரவில்லை.

"பழசு, போனது போனதுதான்" என்று விட்டுவிட முடியவில்லை. சுமித்ரா பீரிஸின் 'கெஹெனு லமய்' 1978இல் வந்த சிங்களப் படம். அதைப் புதுப்பித்து 2025இல் கான் விழாவின் பழம்படப் பிரிவில் திரையிட்டார்கள். இந்தத் தீவின் படத்துக்கு அது நடக்கும் என்றால் தோட்டத்துப் படத்துக்கும் நடக்கலாம். ஆனால் அதற்கு முதலில் தேட ஒரு ஆள் வேணும்.

சுருள் கிடைக்கிற வரைக்கும் நம்மால் செய்யக்கூடிய வேலை இருக்கிறது. அன்றைக்கு இருபது வயசில் படம் பார்த்தவருக்கு இன்றைக்கு எழுபது. அவர்கள்தான் இப்போதைக்கு நம்மிடம் இருக்கும் பிரதி. போனில் ரெக்கோர்டரைப் போட்டுக் கேளுங்கள்: எந்த டிவிசனிலிருந்து எவ்வளவு தூரம் நடந்து போனீங்க, டிக்கட் என்ன விலை, யாரோட போனீங்க, எந்த இடத்துல அழுதீங்க. பெட்டிக்கு அடியில் பாட்டுப் புத்தகமோ நோட்டீசோ இருந்தால் படம் பிடித்து 'நூலகம்' எண்ணிம நூலகத்துக்கு அனுப்புங்கள். கோத்தகிரி, கூடலூர்ப் பக்கம் போன சொந்தக்காரர்களுக்கும் ஒரு கோல் எடுங்கள். படத்தின் பாதி ஞாபகம் அங்கேதான் போயிருக்கிறது.

நான் அடுத்து அம்மாயியுடன் படம் பார்த்த அந்த மூன்று பேரைத் தேடப் போகிறேன். 2027இல் தர்மசேன பத்திராஜாவின் 'பொன்மணி'க்கு 50. 2028இல் 'நான் உங்கள் தோழன்' படத்துக்கு 50. இந்த முறையாவது நாள் வருவதற்கு முன்னால் நமக்குத் தெரிந்திருக்கிறது.