ஆர்தர் ரௌலி: 434

ஒரு சின்ன கேள்வி. கூகுளாண்டவரைக் கூப்பிடாம பதில் சொல்லணும். இங்கிலாந்து லீக் கால்பந்துல, எல்லாக் காலத்தையும் சேர்த்து, அதிகக் கோல் போட்ட ஆள் யாரு?

ஆலன் ஷியரர்னு சொல்றவங்க உட்காருங்க. அவரோட 260, மேல் டிவிஷன் தனியாப் பிரிஞ்சு 1992-ல பிரீமியர் லீக் ஆனதுக்கு அப்புறம் எண்ண ஆரம்பிச்ச கணக்கு. என்னமோ 1992-க்கு முன்னாடி அந்த ஊர்ல யாரும் பந்தையே உதைக்காத மாதிரி. ஜிம்மி கிரீவ்ஸ்னு சொன்னா நீங்க விவரமான ஆள், முதல் டிவிஷன்ல மட்டும் 357. டிக்சி டீன்னு சொன்னவங்களுக்குத் தனியா ஒரு கைத்தட்டு. மொத்தம் 379, அதுல 1927-28 சீசன்ல மட்டுமே 60. ஆனாலும் பதில் அது இல்லை.

ஆர்தர் ரௌலி. 619 ஆட்டம், 434 கோல். 1965-ல அவர் பூட்ஸைக் கழட்டி வெச்சதுக்கு அப்புறம் இந்த நம்பரை ஒருத்தரும் தாண்டலை.

"யாருய்யா அது?"ன்னு கேட்டா அதுல தப்பே இல்லை. கால்பந்துல ஊறினவங்களுக்கே இந்தப் பேர் சட்டுனு ஞாபகம் வராது. இவ்வளவு பெரிய சாதனையை வெச்சுக்கிட்டு ஒரு மனுஷன் எப்படி இப்படிக் காணாமப் போனார்? இந்தப் பதிவே அதுக்குத்தான்.

1926 ஏப்ரல் 21, வுல்வர்ஹாம்ப்டன்ல பிறந்தார். இவருக்கு முன்னாடியே வீட்ல ஒரு கால்பந்து ஸ்டார் உண்டு, அண்ணன் ஜாக் ரௌலி. மான்செஸ்டர் யுனைடெட்ல மேட் பஸ்பியோட முதல் பெரிய டீமின் ஸ்ட்ரைக்கர். 1948 எஃப்.ஏ. கோப்பை ஃபைனல்ல ரெண்டு கோல் போட்டவர். இங்கிலாந்துக்கு 6 ஆட்டத்துல 6 கோல், அதுல நாலு கோல் ஒரே நாள்ல, 1949-ல வட அயர்லாந்துக்கு எதிரா. தம்பியும் போர்க்காலத்துல, 15 வயசுலயே, மான்செஸ்டர் யுனைடெட் சட்டையைப் போட்டு ஆடியிருக்கார். ஆனா 1939-லேர்ந்து 1946 வரை லீக்கே நடக்கலை, போர்க்கால ஆட்டங்கள் கணக்குல சேராது. ஆக, ரௌலியோட கணக்குப் புத்தகம் திறக்கறதே 20 வயசுலதான்.

திறந்த விதமும் ஒண்ணும் பிரமாதம் இல்லை. வெஸ்ட் பிராம்விச் ஆல்பியன்ல 24 ஆட்டம், 4 கோல். இவன் தேறமாட்டான்னு நினைச்சாங்களோ என்னவோ, 1948 டிசம்பர்ல ஃபுல்ஹாமுக்கு அனுப்பிட்டு அங்கேர்ந்து எர்னி ஷெப்பர்டுன்னு ஒரு விங்கரை வாங்கிக்கிட்டாங்க. பண்டமாற்று. (கொசுறு: இந்த ஷெப்பர்டு அதே சீசன்ல அப்புறமா ஹல் சிட்டிக்கும் போனார். ஃபுல்ஹாம், வெஸ்ட் பிராம், ஹல் மூணுமே அந்த வருஷம் மேல் டிவிஷனுக்கு ஏறிச்சு. ராசியான கால்!) ஃபுல்ஹாம் போன ரௌலி பாதி சீசன்லயே 19 கோல் போட, அந்த டீம் இரண்டாம் டிவிஷன் சாம்பியன். வெஸ்ட் பிராம் ரெண்டாவது இடம்.

அடுத்த வருஷம் முதல் டிவிஷன்ல 8 கோல்தான். 1950-ல லெஸ்டர் சிட்டிக்கு வித்துட்டாங்க. லெஸ்டர் அப்போ இரண்டாம் டிவிஷன்.

இனிமேதான் கதையே. லெஸ்டர்ல அவர் போட்ட லீக் கோல்களை வருஷவாரியா சொல்றேன், பொறுமையாப் படிங்க: 28, 38, 39, 30, 23, 29, 44, 20. எட்டு சீசன், 251 கோல், 303 ஆட்டம். அந்த 44 வந்தது 1956-57-ல. ஒரு சீசனுக்கு 42 ஆட்டம்தான். லெஸ்டர் கிளப்புக்கு ஒரு சீசன் ரெக்கார்டு இன்னைக்கும் அதுதான். 1953-54, 1956-57 ரெண்டு தடவையும் லெஸ்டர் இரண்டாம் டிவிஷன் சாம்பியன்.

ஆள் பார்க்க வாட்டசாட்டமா இருப்பார். ஓடி ஓடி நாலு பேரை ஏமாத்தற ரகம் இல்லை. பொசிஷன் இன்சைடு லெஃப்ட், ஆயுதம் இடது கால். பெட்டிக்குள்ளயோ பெட்டி ஓரத்துலயோ பந்து கிடைச்சா யோசிக்கவே மாட்டார், இடது காலால ஒரே அடி. அண்ணனுக்கும் தம்பிக்கும் ஒரே பட்டப்பேர்: 'கன்னர்', அதாவது பீரங்கிக்காரன். பெனால்டி எல்லாம் இவர் கணக்குதான்.

அண்ணன் தம்பி விஷயத்துல ஒரு சினிமாத்தனமான சம்பவம் இருக்கு. 1955 அக்டோபர் 22. லெஸ்டர்ல தம்பி தன்னோட 200-வது லீக் கோலைப் போடறார். அதே நாள், பிளைமவுத் ஆர்கைல்ல கடைசிக் காலத்தை ஓட்டிக்கிட்டிருந்த அண்ணன் ஜாக் தன்னோட 200-வது லீக் கோலைப் போடறார்! இதை ஒரு டைரக்டர்கிட்ட கதையாச் சொன்னா லாஜிக் இல்லைன்னு துரத்திடுவார். அண்ணன் 208-ல நிறுத்திக்கிட்டார். தம்பி பாதி தூரம்கூட வரலை அப்போ.

சரி, இவ்வளவு கோல் போட்டவரை இங்கிலாந்து டீம்ல எத்தனை தடவை ஆட வெச்சாங்க? ஒரு தடவைகூட இல்லை. 1956-ல 'பி' டீமுக்கு ஒரே ஒரு ஆட்டம், அவ்வளவுதான்.

இதுக்கு நியாயமான காரணமும் உண்டு, அதைச் சொல்லாம விட்டா தப்பு. அந்தக் காலத்துல இங்கிலாந்துகிட்ட ஸ்ட்ரைக்கர் பஞ்சமே கிடையாது. நேட் லோஃப்ட்ஹவுஸ் 33 ஆட்டத்துல 30 கோல். ஸ்டான் மார்டென்சன் 25-ல 23. டாமி டெய்லர் 19-ல 16. இவங்களை உட்கார வெச்சுட்டு ரௌலியை எடுன்னு யாரும் சண்டை போட முடியாது. அதோட, அப்போ டீமைத் தேர்ந்தெடுத்தது ஒரு கமிட்டி. வால்டர் விண்டர்பாட்டம் பேருக்கு மேனேஜர், 1963-ல ஆல்ஃப் ராம்சே வந்து "டீமை நான்தான் எடுப்பேன்"னு சொல்ற வரைக்கும் கமிட்டி ராஜ்ஜியம்தான். முதல் டிவிஷன்லயே இத்தனை பேர் இருக்கறப்போ இரண்டாம் டிவிஷன் பக்கம் கமிட்டி ஏன் எட்டிப் பார்க்கப் போகுது?

இதோட ஸ்டீவ் புல் கதையை வெச்சுப் பாருங்க. அவரும் அதே வட்டாரம், அவரையும் வெஸ்ட் பிராம்தான் வேண்டாம்னு 1986-ல வுல்வ்ஸுக்கு வித்துச்சு (இந்த கிளப்புக்கு இதே வேலையாப் போச்சு). மூணாம் டிவிஷன்ல ஆடி முடிச்ச கையோட, 1989 மே மாசம் பாபி ராப்சன் அவரை ஸ்காட்லாந்துக்கு எதிரா சப்ஸ்டிட்யூட்டா இறக்கினார். முதல் ஆட்டத்துலயே கோல். அடுத்த வருஷம் இத்தாலி உலகக் கோப்பைக்கும் போனார். கமிட்டிக்கு பதிலா துணிச்சலான ஒரே ஒரு ஆள் முடிவெடுத்தா என்ன ஆகும்ங்கறதுக்கு இதைவிட உதாரணம் வேணுமா? ரௌலிக்கு அப்படி ஒரு ராப்சன் கிடைக்கலை.

"கீழ் டிவிஷன்ல போட்ட கோல்தானே, அதெல்லாம் ஒரு கணக்கா?" இதுதான் ரௌலி பேரை எடுத்தாலே வர்ற முதல் கேள்வி. நம்ம தொழில் பாஷையில சொன்னா, நாலு டேபிளை யூனியன் போட்டு வந்த டோட்டல் அது, குரூப் பை போட்டுப் பார்க்கணும். போட்டுப் பார்த்தேன். முதல் டிவிஷன்ல 51, இரண்டாம் டிவிஷன்ல 231, மூணுல 114, நாலுல 38. ஆக, எட்டுல ஒரு பங்குகூட மேல் டிவிஷன் இல்லைங்கறது உண்மைதான்.

ஆனா அந்த 51-ஐ இன்னும் கொஞ்சம் உடைச்சுப் பாருங்க. அதுல 43, லெஸ்டர் முதல் டிவிஷன்ல ஆடின ரெண்டே ரெண்டு சீசன்ல வந்தது. 1954-55-ல 23. அந்த வருஷம் லெஸ்டர் கடைசிக்கு முந்தின இடம், அப்படியே கீழ இறங்கிடுச்சு. இறங்கிப் போற டீமுக்கு ஆடி 23 கோல்! 1957-58-ல 20, அப்பவும் லெஸ்டர் தத்தித் தத்திதான் தப்பிச்சுது. மேல் டிவிஷன் டிஃபெண்டர்கள் வந்தா இவர் பருப்பு வேகாதுன்னு சொல்றதுக்கு இந்த நம்பர்ல ஆதாரம் கிடையாது. பருப்பு நல்லாவே வெந்திருக்கு, அடுப்புதான் அடிக்கடி அணைஞ்சுது.

அப்போ ஏன் பெரிய கிளப்புக்குப் போகலை? இன்னைக்கு இருக்கற நமக்கு இது புரியறது கஷ்டம். அந்தக் காலத்துல வீரர்களுக்கு உச்சவரம்புச் சம்பளம். 1958-ல அது வாரத்துக்கு 20 பவுண்டு. நீ யாரா இருந்தாலும், எந்த கிளப்பா இருந்தாலும் அதுக்கு மேல தரக்கூடாது. போதாததுக்கு, ஒப்பந்தம் முடிஞ்சாலும் கிளப் கையெழுத்துப் போடாம நீ இன்னொரு கிளப்புக்குப் போக முடியாது. (1963-ல ஜார்ஜ் ஈஸ்ட்ஹாம் கோர்ட்டுக்குப் போய் அந்த ரெண்டாவது விஷயத்தை ஆட்டிவெச்சார், அது தனிப் பதிவுக்கான சமாச்சாரம்.) மேல போனாலும் அதே சம்பளம், போறது உன் கையிலயும் இல்லை. உச்சவரம்பு ஒழிஞ்சது 1961 ஜனவரியில. உடனே ஃபுல்ஹாம், ரௌலியோட அதே பழைய ஃபுல்ஹாம், ஜானி ஹெய்ன்ஸுக்கு வாரம் 100 பவுண்டு கொடுத்துச்சு. ரௌலிக்கு அப்போ வயசு 34, இருந்தது ஷ்ரூஸ்பரியில.

ஆமா, ஷ்ரூஸ்பரி டவுன். 1950-லதான் லீக்குக்குள்ளயே வந்த குட்டி கிளப். செவர்ன் ஆத்தங்கரையில கே மெடோன்னு ஒரு மைதானம். உயரமா அடிச்சா பந்து ஆத்துல விழும், அதை எடுத்துட்டு வர்றதுக்குன்னே பரிசல்ல ஒரு ஆள் இருந்தார், ஃபிரெட் டேவிஸ்னு பேர். 2007-ல கிளப் அந்த இடத்தை விட்டே போயிடுச்சு. அங்கே 1958-ல ரௌலி போனது ஆட்டக்காரரா மட்டும் இல்லை, மேனேஜராவும்தான். ரெண்டு வேலை, ஒரே ஆள். அந்த வருஷம்தான் நாலாம் டிவிஷனே உருவாச்சு. முதல் சீசன்லயே ரௌலி 38 கோல், ஷ்ரூஸ்பரி நாலாவது இடம், மூணாம் டிவிஷனுக்கு ஏத்தம். அந்த 38-உம் ஷ்ரூஸ்பரியின் ரெக்கார்டா அப்படியே இருக்கு.

அப்புறம் 32, 28, 23, 24. மறுபடி கூட்டிப் பார்த்தேன்: 1950-51 தொடங்கி 1962-63 வரை பதிமூணு சீசன், ஒரு சீசன்லகூட 20-க்குக் கீழ போகலை. மொத்தம் 396, வருஷத்துக்குச் சராசரி முப்பதுக்கு மேல. என்னைக் கேட்டா 434-ஐவிட இதுதான் பெரிய சாதனை. வின்டர்ல சேறு, தண்ணி குடிச்சுக் கல்லாட்டம் கனக்கற தோல் பந்து, பின்னாலேர்ந்து காலை உடைக்கற டிஃபெண்டர்கள். இதுல பதிமூணு வருஷம்!

1961 ஏப்ரல் 29, பிராட்ஃபோர்டு சிட்டிக்கு எதிரா அவரோட 380-வது கோல். டிக்சி டீன் பின்னாடி போயிட்டார். அதே சீசன்ல முதல்முறையா நடந்த லீக் கோப்பையில ஷ்ரூஸ்பரி எவர்டனையே வெளியே அனுப்பி அரையிறுதி வரை போச்சு. அதாவது, டீனின் ரெக்கார்டை உடைச்ச வருஷமே டீனின் கிளப்பையும் தோற்கடிச்சார். ராதர்ஹாம்கிட்ட தோத்து ஃபைனல் போச்சு. 1962-63-ல செல்டிக்கின் ஜிம்மி மெக்ரோரி வெச்சிருந்த 410-ஐயும் தாண்டினார். அதோட பிரிட்டன் முழுசுக்கும் ரெக்கார்டு இவர் கையில.

கடைசி ரெண்டு சீசன் 5, 2. பி.பி.சி-யில 'மேட்ச் ஆஃப் தி டே' ஆரம்பிச்சது 1964 ஆகஸ்ட்ல. ரௌலியோட கடைசி சீசன் ஆரம்பிச்சதும் அப்பதான். அவர் போட்ட 434-ல 432-ஐ அந்த நிகழ்ச்சி பிறக்கறதுக்கு முன்னாடியே போட்டு முடிச்சுட்டார். கிரீவ்ஸ் போட்ட கோல்களை இன்னைக்கு யூடியூப்ல பார்க்கலாம். ரௌலியை நம்பராத்தான் பார்க்க முடியும்.

அப்புறம் 1968 வரை ஷ்ரூஸ்பரி மேனேஜர், ஷெஃபீல்டு யுனைடெட்ல ஒரு சீசன், 1970-லேர்ந்து 1976 வரை சவுத்எண்ட். 1972-ல சவுத்எண்டை நாலாம் டிவிஷன்லேர்ந்து மேல ஏத்தினார். 2002 டிசம்பர் 19 அன்னைக்கு, 76 வயசுல காலமானார்.

2025-ல ஜேமி வார்டி லெஸ்டரை விட்டுப் போறப்போ சரியா 500 ஆட்டம், 200 கோல். அவரும் கீழேர்ந்து ஏறி வந்தவர்தான். அப்போ எல்லாரும் கிளப்போட மொத்தக் கணக்கை எடுத்துப் போட்டாங்க, கோப்பை ஆட்டங்களும் சேர்த்து. வார்டி மூணாவது. முதல் இடம் ஆர்தர் சாண்ட்லர், 1920-கள்ல ஆடினவர், 419 ஆட்டத்துல 273. ரெண்டாவது இடம் இன்னொரு ஆர்தர், 321 ஆட்டத்துல 265. எட்டே எட்டு கோல்ல முதல் இடம் போச்சு. 1958-ல லெஸ்டர் இன்னும் ஒரு நாலு மாசம் பொறுத்திருந்தா என்ன?