சர்ப்பகந்தி முதல் றெசேர்ப்பின் வரை: ஒரு மருந்துப் பெயரின் வரலாறு

ஊர்ப் பெயர்களையும் ஆட்பெயர்களையும் வரலாற்று மூலங்களாகக் கொள்ளும் மரபு எமது ஆய்வாளரிடையே நன்கு வேரூன்றியுள்ளது. மருந்துப் பெயர்கள் அவ்வாறு நோக்கப்படுவதில்லை. அவை மருத்துவபீடத்தாருக்கும் மருந்துக் கலவையாளருக்கும் உரியன எனக் கலைத்துறையினர் ஒதுக்கிவிடுகின்றனர். ஆயினும் மருந்துக்குப் பெயரிடுதலும் ஒரு சமூகச் செயலே. யார் பெயரிட்டார், எவரை நினைந்து பெயரிட்டார், எவரை விட்டுவிட்டார், அப்பெயர் எவரது உடைமையாயிற்று என்பன வரலாற்று வினாக்களாகும். இருபதாம் நூற்றாண்டின் ஐம்பதுகளிலும் அறுபதுகளிலும் உயர் குருதியமுக்கத்திற்கு உலகெங்கும் வழங்கப்பட்ட றெசேர்ப்பின் என்னும் மருந்தின் பெயர் இவ்வகையில் ஆராயத்தக்கது. அதன் வேர் தென்னாசிய மண்ணிலே, எமது தீவு உட்பட, ஊன்றியிருப்பது இதற்கு மேலுமொரு காரணமாகும்.

றெசேர்ப்பின் ஒரு சிறு செடியின் வேரிலிருந்து பெறப்படுவது. அலரிக் குடும்பத்தைச் சேர்ந்த இச்செடி பெரும்பாலும் ஒரு மீற்றர் உயரத்தையும் எட்டாது. சிங்களத்தில் இதனை ஏகவேரிய என்பர். மலையாளத்தில் அமல்பொரி என்றும், இந்தியில் சோட்டா சாந்த் என்றும் பெயருண்டு. தமிழில் சர்ப்பகந்தி, சர்ப்பகந்தா என வழங்கும் பெயர் வடமொழி வழிவந்தது. வடமொழி வைத்திய நூல்களில் வரும் சர்ப்பகந்தா எல்லா இடங்களிலும் இதே செடியைத்தான் சுட்டுகிறதா என்பது பற்றி அறிஞரிடையே கருத்து வேறுபாடு உண்டு. பழைய பெயர்களை இன்றைய தாவரங்களோடு பொருத்துவதில் எப்போதும் உள்ள இடர்ப்பாடே இது. பீகார்ப் பகுதியிலோ மக்கள் இவ்வேரைப் பாகல் கீ தவா, அதாவது பைத்தியத்திற்கான மருந்து, என்றே அழைத்தனர். ஆக, ஒரு பெயர் பாம்பைச் சுட்டியது. மற்றொன்று சித்தப்பிரமையைச் சுட்டியது. குருதியமுக்கத்தைச் சுட்டும் மரபுப் பெயர் ஒன்றுமில்லை. இருக்கவும் முடியாது. கையிற் பட்டியைச் சுற்றிக் குருதியமுக்கத்தை அளக்கும் கருவியை இத்தாலியரான றீவா-றொச்சி 1896 இல் அமைத்தார். குழாயை வைத்து நாடியின் ஒலி கேட்கும் முறையை உருசியரான கொறொட்கொவ் 1905 இல் வெளியிட்டார். அளவுகோல் தோன்றுமுன் அந்நோய்க்கும் தனியொரு பெயர் தோன்றவில்லை. சுதேச வைத்தியர்கள் குருதியமுக்கத்தை முன்னரே அறிந்து இவ்வேரைக் கொடுத்தனர் என மேடைகளிற் கூறப்படுவது ஆர்வத்தின் விளைவேயன்றி ஆய்வின் முடிவன்று. அவர்கள் அறிந்திருந்தது வேறொன்று: இவ்வேர் கொந்தளித்தவனை அமைதிப்படுத்தும், உறங்கச் செய்யும் என்பது. அதுவே பின்னர் உலகை வியக்க வைத்தது.

பாம்புக்கும் இச்செடிக்குமுள்ள தொடர்பு பற்றிய ஐரோப்பியக் குறிப்புகள் போர்த்துக்கேயர் காலத்தில் தொடங்குகின்றன. கோவாவில் வாழ்ந்த மருத்துவரான கார்சியா த ஓர்த்தா 1563 இல் அங்கேயே அச்சிட்ட உரையாடல் நூலிற் பாம்புமரம் என்னும் பொருளைப் பற்றிப் பேசுகிறார். இலங்கைக்குரியதாகச் சொல்லப்பட்ட பொருள் அது. நாகத்தோடு பொருதும் கீரி அம்மூலிகையை நாடுமென்ற கதையும் அங்கு வருகிறது. எமது ஊர்களில் இன்றும் கேட்கக்கூடிய கதை! அக்காலத்தையொட்டிய ஐரோப்பிய நூல்களிற் கீரியின் பெயர் குயிர்ப்பெலே என்று எழுதப்பட்டுள்ளமை மனங்கொள்ளத்தக்கது. அது கீரிப்பிள்ளை என்னும் தமிழ்ச்சொல்லே. மூலிகையின் பெயர் போர்த்துக்கேயமாக மாற, அதை நாடிய விலங்கின் பெயர் தமிழாகவே நின்றுவிட்டது. பாம்புமரம் என்ற பெயரில் அன்று பல தாவரங்கள் விலைப்பட்டன. அவற்றுள் ஒன்று எமது ஏகவேரிய என்பது பிற்கால ஆராய்ச்சியாளர் கருத்தாகும்.

அடுத்து வந்த ஒல்லாந்தர் காலத்தில் இத்தொடர்பு மேலும் இறுகியது. ஒல்லாந்தக் கிழக்கிந்தியக் கம்பனியின் மருத்துவராக 17 ஆம் நூற்றாண்டின் எழுபதுகளில் இலங்கையிற் பணியாற்றிய போல் ஹேர்மன் இங்குள்ள செடிகளை உலர்த்திச் சேகரித்தார். அச்சேகரம் பல கை மாறிச் சுவீடனிலிருந்த இலின்னேயசிடம் சேர்ந்தது. அதனை ஆதாரமாகக் கொண்டு இலின்னேயசு 1747 இல் இலங்கைத் தாவரங்கள் பற்றிய நூலை வெளியிட்டார். இச்செடிக்கு அவர் சூட்டிய பெயர் ஒவியோசைலொன் சேர்ப்பென்ரினம். முதற்சொல் கிரேக்கம்: பாம்புமரம் என்பது பொருள். இரண்டாவது இலத்தீன்: பாம்புக்குரியது என்பது பொருள். ஒரே பாம்பு இரு மொழிகளில் இருமுறை நெளிகிறது.

இதுவரை வந்த பெயர்களில் ஆள் எவரும் இல்லை. ஆள் நுழைந்த கதை விசித்திரமானது. லேயோன்ஹார்ட் றௌவொல்வ் என்பவர் ஜேர்மனியின் அவுக்ஸ்பேர்க் நகரத்து மருத்துவர். 1573 முதல் 1576 வரை அலெப்போ, பக்தாத், எருசலேம் முதலிய இடங்களிற் பயணஞ்செய்து 1582 இற் பயண நூலொன்றை வெளியிட்டார். கோப்பி அருந்தும் வழக்கத்தை ஐரோப்பியருக்கு முதன்முதலில் அறிவித்த நூல்களுள் அதுவும் ஒன்று. 1596 இல் அவர் இறந்தார். ஏறத்தாழ ஒரு நூற்றாண்டின் பின், 1703 இல், பிரெஞ்சுத் துறவியும் தாவரவியலாளருமான புளூமியே, அமெரிக்கத் தாவரப் பேரினம் ஒன்றுக்கு அவரது நினைவாக றௌவொல்பியா எனப் பெயரிட்டார். எமது பாம்புமரமும் அப்பேரினத்தைச் சார்ந்ததே எனப் பின்வந்தோர் முடிவுசெய்ய, 1877 இல் அது றௌவொல்பியா சேர்ப்பென்ரினா ஆயிற்று. இவ்வாறு, இந்தியாவையோ இலங்கையையோ கண்டிராத, இச்செடியைப் பற்றி ஒரு வரியும் எழுதியிராத ஒருவரின் பெயர், அமெரிக்கச் செடியொன்றின் வழியாக இச்செடியின் மீது வந்தமர்ந்தது. இதில் எவருடைய சூழ்ச்சியும் இல்லை. தாவரவியற் பெயரீட்டு விதிகள் அவ்வாறு இயங்குவன. ஆனால் அவ்விதிகளை வகுத்த சபையில் வேரைத் தோண்டி எடுத்தவனுக்கு ஆசனம் இருக்கவில்லை என்பதும் உண்மையே.

ஈண்டு மொழியியல் சார்ந்த ஒரு குறிப்பு வேண்டற்பாலது. வடமொழிச் சர்ப்பமும் இலத்தீன் சேர்ப்பென்சும் ஒலியில் ஒத்திருப்பது தற்செயலன்று. இரண்டும் ஊர்தல் எனப் பொருள்படும் ஒரே இந்தோ-ஐரோப்பிய வேர்ச்சொல்லின் வழிவந்தவை. ஆகவே சர்ப்பகந்தி என்பதைக் கேட்டுத்தான் ஐரோப்பியர் சேர்ப்பென்ரினா என்றனர் எனக் கூறுதல் பொருந்தாது. அது கடன் அன்று, உறவு. வெவ்வேறு வழிகளாற் சென்ற இரு பெயர்கள் ஒரு செடியின் அடியிற் சந்தித்துக்கொண்டன.

இருபதாம் நூற்றாண்டில் வேர் ஆய்வுகூடத்தை அடைந்தது. 1931 ஆம் ஆண்டு இவ்வரலாற்றில் முக்கியமானது. அவ்வாண்டிற் கல்கத்தாவைச் சேர்ந்த கணநாத் சென், கார்த்திக் சந்திர போஸ் ஆகிய இருவரும் இதனைப் பைத்தியத்திற்கும் உயர் குருதியமுக்கத்திற்குமான புதிய இந்திய மருந்தென அறிவித்துக் கட்டுரை வெளியிட்டனர். அதே ஆண்டில் தில்லித் திப்பியாக் கல்லூரியைச் சார்ந்த சலீமுஸ்ஸமான் சித்தீக்கியும் றஃபாத் ஹுசைன் சித்தீக்கியும் இவ்வேரிலிருந்து காரப்போலிகள் பலவற்றைப் பிரித்தெடுத்தனர். அவற்றுட் சிலவற்றுக்கு அவர்கள் இட்ட பெயர்கள் அஜ்மலின், அஜ்மலிசின் என்பன. யுனானி மருத்துவ மேதையும் திப்பியாக் கல்லூரியின் தாபகரும் 1921 இல் இந்தியத் தேசியக் காங்கிரசிற்குத் தலைமை தாங்கியவருமான ஹக்கீம் அஜ்மல் கான், சுதேச மருந்துகளை நவீன இரசாயனத்தால் ஆராயவேண்டும் என்று வற்புறுத்தி சித்தீக்கியை அப்பணியில் ஈடுபடுத்தியவர். 1927 இல் அவர் மறைந்தார். அடிமை நாட்டின் இரசாயன அறிஞர் இருவர், உலக விஞ்ஞானத்தின் சொற்றொகுதிக்குள் ஒரு ஹக்கீமின் பெயரை எழுதிவைத்தனர். பெயரீட்டு வரலாற்றில் இதனை ஓர் அரசியற் செயலாகவே கொள்ளவேண்டும். இதன் தொடர்ச்சியும் கவனிக்கத்தக்கது. அஜ்மலிசின் பின்னர் மருந்தாக விற்பனைக்கு வந்தபோது றௌபசின் என்ற பெயராலும் வழங்கிற்று. அஜ்மல் கானின் இடத்தில் மீண்டும் றௌவொல்வ் அமர்ந்துகொண்டார்.

பம்பாயைச் சேர்ந்த இருதயநோய் மருத்துவர் றுஸ்தம் ஜால் வக்கீல் 1949 இல் பிரித்தானிய இருதய மருத்துவ இதழில், உயர் குருதியமுக்கமுடைய 50 நோயாளருக்கு இவ்வேரைக் கொடுத்துப் பெற்ற பயன்களை வெளியிட்டார். மேலைநாட்டார் திரும்பிப் பார்த்தது அதன் பின்னரே. 1952 இற் சுவிற்சர்லாந்தின் பாசல் நகரிலுள்ள சீபா கம்பனியின் ஆய்வாளரான முல்லர், ஸ்லிட்லர், பைன் ஆகிய மூவரும் வேரின் செயலுக்குக் காரணமான முதன்மைப் பொருளைத் தனித்தெடுத்தனர். அதற்கு அவர்கள் இட்ட பெயரே றெசேர்ப்பின். றௌவொல்பியாவின் முதலெழுத்தும் சேர்ப்பென்ரினாவின் முற்பகுதியும் இணைந்து பிறந்த பெயர் இது என்பது அகராதிகள் பொதுவாகத் தரும் விளக்கம். ஜேர்மானிய மருத்துவர் ஓரெழுத்தாகச் சுருங்கினார். பாம்பு ஏறத்தாழ முழுமையாகத் தப்பியது. பீகாரின் பைத்தியமருந்து விற்போனும், ஹக்கீமும், கல்கத்தா வைத்தியரும் அப்பெயரில் இல்லை. வக்கீலுக்கு 1957 இல் அமெரிக்காவின் லாஸ்கர் பரிசு வழங்கப்பட்டமை இவ்விடத்திற் குறிப்பிடப்படவேண்டும்.

றெசேர்ப்பின் என்பது இரசாயனப் பொருளின் பெயர்; எவரும் வழங்கலாம். சீபா கம்பனி சந்தைக்கு அனுப்பிய வில்லைகளில் இருந்த பெயரோ சேர்ப்பசில். அது கம்பனியின் உடைமை. அமெரிக்காவில் வேறு கம்பனிகள் இதே பொருளைச் சன்ட்றில் என்றும், றெசேர்ப்பொயிட் என்றும், றோ-செட் என்றும் விற்றன. மருந்து ஒன்றே, பெயர் பல, ஒவ்வொரு பெயருக்கும் ஒரு விலை. பின்னர் சீபா மூன்று மருந்துகளை ஒரே வில்லையிற் சேர்த்துச் சேர்-ஏப்-எஸ் என்று பெயரிட்டது. சேர்ப்பசில், ஏப்பிரெசொலின், எசிட்றிக்ஸ் ஆகிய தனது மூன்று வணிகப் பெயர்களின் தலைகளை வெட்டி ஒட்டிய பெயர் அது. நோயாளிக்கோ, சில வேளை மருத்துவருக்கோ, உள்ளே இருப்பது என்னவென்று அப்பெயரால் தெரியவராது.

இந்நிலைக்கு மாற்றாகவே உலக சுகாதார தாபனம் 1950 இல் எடுத்த தீர்மானத்தின்படி சர்வதேசப் பொதுப்பெயர்களை வகுக்கத் தொடங்கியது. முதற் பட்டியல் 1953 இல் வெளியாயிற்று. ஒரே இன மருந்துகள் ஒரே விகுதியைக் கொள்ளுதல் அம்முறையின் சிறப்பாகும். தமிழிலக்கணம் பயின்றோர்க்கு விகுதியைக் கொண்டு இனத்தை அறிவது புதுமையன்று. அம்முறையில் றௌவொல்பியா வழிவந்த மருந்துகளுக்குச் சேர்ப்பின் என்பதே விகுதி. இன்று குருதியமுக்கத்திற்குப் பெரிதும் வழங்கும் மருந்துகள் சிலவற்றின் விகுதி பிறில் என்பது. அவற்றுள் முன்னோடியான கப்டொபிறில், பிறேசில் நாட்டு விரியன் ஒன்றின் நஞ்சைப் பற்றிய ஆராய்ச்சியின் வழியாகத் தோன்றியது. மெய்யாகவே பாம்பிலிருந்து பிறந்த மருந்தின் பெயரிற் பாம்பு இல்லை. பாம்போடு கதையளவில் மட்டும் தொடர்புடைய மருந்தின் பெயரிலேயே பாம்பு வாழ்கிறது.

பொதுப்பெயர், வணிகப்பெயர் என்னும் இப்பிணக்கு இலங்கையிலும் அரசியற் பிரச்சினையாயிற்று. மருந்தியற் பேராசிரியரும் பேராதனை மருத்துவபீடத்தின் பீடாதிபதியாகப் பணியாற்றியவருமான சேனக பிபிலேயும், மருத்துவரும் கம்யூனிஸ்ட் கட்சித் தலைவருமான எஸ். ஏ. விக்கிரமசிங்கவும் 1971 இற் சமர்ப்பித்த அறிக்கை, மருந்துகளைப் பொதுப்பெயராலேயே கொள்வனவு செய்யவும் வழங்கவும் வேண்டுமென வற்புறுத்தியது. அவ்வாண்டிலேயே அரச மருந்தாக்கற் கூட்டுத்தாபனம் நிறுவப்பட்டு, பிபிலே அதன் தலைவரானார். நாட்டில் வழங்கிய 2000 இற்கும் மேற்பட்ட மருந்துகள் ஏறத்தாழ 600 ஆகக் குறைக்கப்பட்டன. குறைந்தவற்றுட் பல, ஒரே பொருளின் வேறு வேறு பெயர்களே. பெயரைக் களைந்தபோது விலை இறங்கியது. பெயரென்பது வெறும் ஒலி என எண்ணுவோருக்கு இதனினும் தெளிவான சான்று தேவையில்லை. பல்தேசியக் கம்பனிகளும் மருத்துவர்களில் ஒரு சாராரும் இதனைக் கடுமையாக எதிர்த்தமையும் அதே காரணத்தாலேயே. 1976 இற் கொழும்பில் நிகழ்ந்த அணிசேரா நாடுகளின் உச்சி மாநாடு இவ்வழியை ஏற்றுத் தீர்மானம் நிறைவேற்றியது. 1977 இற் பிபிலே கயானாவிற் காலமானார்.

றெசேர்ப்பினின் செல்வாக்கு அதற்குள் தேயத் தொடங்கியிருந்தது. 1967 இல் அமெரிக்காவின் முன்னாட் படைவீரர் வைத்தியசாலைகளில் 143 ஆடவரிடையே நடந்த பரிசோதனை, கடுங் குருதியமுக்கத்தைத் தணித்தால் பாரதூரமான விளைவுகள் குறையும் என்பதை ஐயமற நிறுவியது. அதில் வழங்கப்பட்ட மூன்று மருந்துகளுள் றெசேர்ப்பினும் ஒன்று. ஆயினும் மனச்சோர்வை உண்டாக்குகிறது என்ற முறைப்பாடு ஐம்பதுகளிலேயே எழுந்திருந்தது. 1974 இல் மார்பகப் புற்றுநோயுடன் தொடர்புபடுத்திய ஆய்வுகளும் வெளிவந்தன. அவை பின்னர் உறுதிப்படவில்லையெனினும் மருத்துவரின் நம்பிக்கை மீளவில்லை. புதிய மருந்துகளும் வந்து குவிந்தன. சேர்ப்பசில் என்ற பெயரை அறியாத மருத்துவ மாணவர் இன்று பலராவர்.

அதே வேரிலிருந்து 1931 இற் பிரித்தெடுக்கப்பட்ட அஜ்மலினின் கதை வேறு. 1992 இல் புறுகாடா சகோதரர் விவரித்த, திடீர் மரணத்தை விளைவிக்கும் இருதயக் கோளாறொன்றைக் கண்டறிவதற்கு ஐரோப்பிய வைத்தியசாலைகளில் அம்மருந்து நரம்பூசியாக ஏற்றப்படுகிறது. அப்பரிசோதனையின் பெயர் அஜ்மலின் பரிசோதனை. அதனை நடத்தும் மருத்துவர்கள் நோயாளியின் பதிவேட்டில் தில்லி ஹக்கீமின் பெயரை எழுதுகிறார்கள்.