நிதானய

‘நிதானய’ 1972இல் வெளியான சிங்களத் திரைப்படம். பெயருக்குப் புதையல் என்று பொருள். இயக்கியவர் லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸ். ஜி. பி. சேனாநாயக்கவின் சிறுகதையைத் திஸ்ஸ அபேசேகர திரைக்கதையாக்க, எம். எஸ். ஆனந்தன் கறுப்பு வெள்ளையில் படம்பிடித்தார். இசை பிரேமசிறி கேமதாச, தயாரிப்பு பி. ஈ. ஈ. அந்தோனிப்பிள்ளை.

நொடித்துப்போன பிரபு குடும்பத்தின் வாரிசு வில்லி அபேநாயக்க. பழைய புதையல் ஒன்றைப் பற்றிய குறிப்பு அவனிடம் இருக்கிறது. நான்கு மச்சங்கள் உள்ள கன்னிப்பெண்ணைப் பலிகொடுத்தால் புதையல் கிட்டும் என்று நம்புகிறான். ஐரீன் என்ற பெண்ணின் கழுத்தில் அந்த மச்சங்களைக் கண்டதும் அவளை மணக்கிறான். அவளோ அவனை மனதார நேசிக்கிறாள். நாள் தள்ளிப்போகிறது, அவனும் தடுமாறுகிறான்; ஆனாலும் ஆசை விடுவதாயில்லை. வழிபாடு என்று நம்பவைத்து அழைத்துப்போய்ப் பலியிடுகிறான். புதையல் கிடைக்கவில்லை. நடந்ததை எழுதிவைத்துவிட்டு உயிரை மாய்த்துக்கொள்கிறான்.

நரபலிக் கதைகளும் புதையலைக் காக்கும் பூதங்களும் இலங்கையருக்குப் புதியவை அல்ல. புதையல் தோண்டியோர் கைதான செய்தி இன்றும் நாளேடுகளில் வருகிறது. படத்தின் பயங்கரம் அங்கே இல்லை. கொல்லப்போகிறவளுடன் ஒருவன் அமைதியாகக் குடும்பம் நடத்துவதில்தான் இருக்கிறது. அதிரடி நாயகனாகக் கொண்டாடப்பட்ட காமினி பொன்சேகா, வில்லியை அடங்கிய குரலில், பார்வையாலேயே நடித்துக்காட்டினார். ஐரீனாக வந்த மாலினி பொன்சேகாவின் வெகுளித்தனம் அந்த அமைதியை இன்னும் தாங்கமுடியாததாக்குகிறது.

வேட்கை மனிதனை அழிக்கும் கதையை ஜப்பானியத் திரையும் பலமுறை சொல்லியிருக்கிறது. மிசோகுச்சியின் ‘உகெட்சு’வில் குயவன் ஒருவன் ஆவிப்பெண்ணிடம் மயங்கி வீட்டை மறக்கிறான். ஓஷிமாவின் 1976ஆம் ஆண்டுப் படம், தோக்கியோவில் 1936இல் காதலனைக் கொன்ற சதா அபேயின் கதை. அங்கே உடலே வேட்கையின் இலக்கு. வில்லிக்கோ ஐரீனின் உடல் வெறும் திறவுகோல். இந்த வகையில் ‘நிதானய’ அவற்றைவிடக் குரூரமானது.

பீரிஸ் 1919இல் தெஹிவளையில் பிறந்து, வெள்ளவத்தையை ஒட்டிய பம்பலப்பிட்டி சென் பீட்டர்ஸ் கல்லூரியில் படித்தவர். 2018இல் கொழும்பில் காலமானார். ‘உகெட்சு’ 1953இல் பெற்ற வெனிஸ் வெள்ளிச் சிங்கம் 1972இல் ‘நிதானய’வுக்கும் கிடைத்தது. இலங்கைத் திரையின் பொன்விழா ஆண்டான 1997இல், அரை நூற்றாண்டின் தலைசிறந்த படமாக அது தேர்வானது.